யாரால அண்ணன்

பென்சில் முனையை நாக்கில் தொட்டுக்கொள்கிறார். கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்குகிறார். சுட்டுவிரலை வரிக்கு அடியில் வைத்து, குழாயில் கசிவு தேடுகிறவர் போல மெல்ல நகர்த்திக்கொண்டே போகிறார். விரல் சட்டென்று நிற்கிறது. "மாட்டிக்கிட்டியா?" என்கிறார், புத்தகத்தைப் பார்த்து. 'கிராமங்கள் எரிக்கப்பட்டன' என்று அச்சாகியிருக்கிறது. கடைசிச் சொல்லின் வாலுக்கு, அந்தப் 'பட்டன'வுக்கு மட்டும், ஒரு அடிக்கோடு இழுக்கிறார். பக்கத்து ஓரத்தில் பொடி எழுத்தில் ஒரு கேள்வி எழுதுகிறார்: யாரால?

விரல் மறுபடி நகர ஆரம்பிக்கிறது. 'நிலங்கள் கையகப்படுத்தப்பட்டன.' யாரால? 'தொழிலாளர்கள் குடியமர்த்தப்பட்டனர்.' யாரால? 'கூட்டத்தின் மீது சுடப்பட்டது.' இங்கே பென்சில் கொஞ்சம் அழுந்துகிறது.

நகராட்சி நூலகத்தின் ஜன்னலோர மேசை பன்னிரண்டு வருடமாக இவருடையது. மாலை நாலரைக்கு வந்தால் மணியடிக்கும் வரை எழுந்திருக்க மாட்டார். கதை, கவிதை, சமையல், ஜோசியம் எதையும் தொடுவதில்லை. சரித்திரம் மட்டும்தான். அதிலும் ராஜாக்கள் காலம் வேண்டாம். கடல் தாண்டி வந்த துரைமார் இந்த நாட்டை எப்படிப் பிடித்தார்கள், எப்படி ஆண்டார்கள், போகும்போது எதை விட்டுவிட்டுப் போனார்கள், விட்டுப்போனதை வைத்துக்கொண்டு நம்மவர்கள் ஒருவரை ஒருவர் என்ன செய்துகொண்டார்கள் என்பது வரை. அந்த அலமாரியில் இவர் பென்சில் படாத புத்தகம் ஒன்று இருந்தால், அது நேற்று மாலை வந்து இறங்கியதாக இருக்க வேண்டும்.

மணியடித்து அவர் கிளம்பியதும் நூலகர் அம்மாள் ஒரு வெள்ளை ரப்பரை எடுத்துக்கொண்டு உட்காருவார். பக்கம் பக்கமாகக் கேள்விகளை அழிப்பார். முதல் வருடம் திட்டிக்கொண்டே அழித்தார். இரண்டாம் வருடம் சிரித்துக்கொண்டே அழித்தார். மூன்றாம் வருடத்தில் அழிப்பதற்கு முன் தானும் அந்த வரியைப் படிக்க ஆரம்பித்தார். அரசு நூலகங்களிலேயே மூன்று மாதத்துக்கு ஒரு ரப்பர் தேய்ந்துபோகிற இடம் இது ஒன்றுதான் என்று மேலிடத்திலிருந்து ஆள் அனுப்பி விசாரித்தார்களாம். அது அந்த அம்மாள் சொல்கிற கதை. ரப்பர் தேய்வது மட்டும் நிஜம்.

"அண்ணே, பொதுச் சொத்து. கிறுக்கக் கூடாது."

"கிறுக்கலை தங்கச்சி. கேட்டிருக்கேன்."

"புத்தகம் பதில் சொல்லுமா?"

"சொல்ற வரைக்கும் கேட்க வேண்டியதுதானே?"

'யாரால அண்ணன்' என்று பெயர் வைத்தது பத்திரிகை படிக்க வருகிற ஓய்வுபெற்ற தபால்காரர். அது ஊர் முழுக்கப் பரவி, நகராட்சிக் குடிநீர்ப் பிரிவின் மேற்பார்வையாளரே ஒருநாள் வேலைப்பட்டியலில் அப்படி எழுதிவிட்டார். வீட்டிலும் விடிவு இல்லை. "பால் பொங்க விடப்பட்டது. யாராலன்னு கேளுங்க பார்ப்போம்" என்று மனைவி அடுப்படியிலிருந்து குரல் கொடுப்பார். இவர் அசர மாட்டார். "உன்னாலதான். ஆனா அடுப்பைப் பெருசா வெச்சது யாருன்னும் விசாரிக்கணும்" என்பார்.

தொழிலில் அவர் வால்வுக்காரர். எந்தத் தெருவுக்கு எத்தனை மணிக்குத் தண்ணீர் திறக்க வேண்டும், எப்போது மூட வேண்டும் என்பது அவர் கையில் இருக்கிறது. விடிந்தும் விடியாத நேரத்தில் சைக்கிளில் இரும்புச் சாவியைக் கட்டிக்கொண்டு கிளம்புகிறார். சாவி என்றால் இடுப்பில் செருகுகிற சாவி இல்லை. ஆள் இடுப்பளவு உயரம், தலையில் கைப்பிடியாக ஒரு குறுக்குக் கம்பி, அடியில் சதுரமாக ஒரு வாய். தெருவில் இருக்கும் இரும்பு மூடியைத் தூக்கி, குழிக்குள் சாவியை இறக்கி, வால்வின் தலையில் பொருத்தித் திருப்ப வேண்டும். திருப்புவதற்கு முன் வலது உள்ளங்கையைச் சட்டையில் மூன்று முறை துடைத்துக்கொள்வார். மழையானாலும் வெயிலானாலும் மூன்று முறை.

தரையில் காதை வைத்தால், மூன்று தெரு தள்ளி யார் வீட்டில் பாத்திரம் கழுவுகிறார்கள் என்று சொல்லிவிடுவார். இன்னும் கொஞ்சம் அழுத்தி வைத்தால், கழுவுகிற அம்மாள் யார் மேல் கோபமாக இருக்கிறார் என்பதும் தெரிந்துவிடும் என்று கூட வேலை செய்கிறவர்கள் சத்தியம் பண்ணுவார்கள். அந்தச் சத்தியத்தில் பாதியைத் தள்ளிவிட்டாலும் மீதி உண்மைதான்.

ஊரில் நாற்பது வால்வுகள் இருக்கின்றன. முப்பத்தொன்பதைப் பேசிக்கொண்டே திறப்பார். பாலத்தடியில் இருக்கிற ஒன்றை மட்டும் வாயைத் திறக்காமல் திறப்பார். முழுசாகத் திறக்க முப்பத்திரண்டு சுற்று. அது மேட்டுக் குடியிருப்புக்குப் போகிற தண்ணீர். சுற்றி முடித்ததும் குந்தி உட்கார்ந்து, தண்ணீர் மேடேறுகிற சத்தம் கேட்கும் வரை காதைக் குழாய் மேல் வைத்திருப்பார். மேட்டுப் பெண்கள் குடத்தோடு போகும்போது, "அண்ணே, நீங்க நல்லா இருக்கணும்" என்பார்கள். அந்த வார்த்தை காதில் விழுந்தால் மனுஷர் முகம் ஒரு மாதிரி ஆகிவிடும். ஏதோ திருடிய பொருளுக்கு நன்றி வாங்கிக்கொண்டவர் போல.

இவருக்குச் சரித்திரம் பிடித்ததே ஒரு கசிவினால்தான். பன்னிரண்டு வருடத்துக்கு முன் நூலகத்தின் சுவருக்குள் குழாய் உடைந்து, கீழ்த்தட்டுப் புத்தகங்கள் நனைந்துபோயின. குழாயை அடைத்த கையோடு, பாவம் பார்த்து, புத்தகங்களை வெயிலில் விரிக்க ஒத்தாசை செய்தார். பள்ளிக்கூடத்தைப் பத்தாம் வகுப்போடு முடித்துக்கொண்ட ஆள். அச்சடித்த காகிதத்தை அத்தனை நெருக்கத்தில் பார்த்து வெகுகாலம் ஆகியிருந்தது. ஒட்டிக்கொண்ட இரண்டு பக்கங்களைப் பதமாகப் பிரித்தபோது நடுவில் இருந்தது அந்த வரி: 'கலவரத்தின்போது மேட்டுக் குடியிருப்புக்கு ஒன்பது நாட்கள் தண்ணீர் நிறுத்தப்பட்டது.'

அங்கேயே, வெயிலில், ஈரப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்றுவிட்டார். நூலகர் அம்மாள் வந்து, "என்னண்ணே, மயக்கமா?" என்று கேட்டார்.

"இதுல யார் நிறுத்தினாங்கன்னு இல்லையே?"

"அதுக்குப் பேர் செயப்பாட்டு வினை. செஞ்சவரைச் சொல்லாமலே சொல்லிடலாம்."

"பட்டவன் இருக்கான். பண்ணவனைக் காணோம்" என்றார் இவர். மறுநாள் உறுப்பினர் அட்டை வாங்க வந்து நின்றார்.

இவருக்குத் தெரியாததா? தெரியும். யார் நிறுத்தியது என்று ஒன்பது வயதிலிருந்தே தெரியும். இவருடைய அப்பாதான். அப்பாவும் வால்வுக்காரர். இவருக்கு வேண்டியிருந்தது வேறு: புத்தகங்களுக்கு அது தெரியுமா? தெரிந்தால் எப்படிச் சொல்கின்றன? அப்பாவோடு நிறுத்திக்கொள்கின்றனவா, அதற்கு மேலேயும் போகின்றனவா? ஒவ்வொரு புதுப் புத்தகத்தையும் அப்பாவின் பெயர் இருந்துவிடுமோ என்று பயந்துகொண்டே திறப்பார். இல்லை என்று தெரிந்ததும் ஒரு ஆறுதல் வரும். அடுத்த நிமிடம் அந்த ஆறுதலுக்காகவே வெட்கப்படுவார்.

தேடப்போன இடத்தில் மற்றதெல்லாம் கிடைத்தது. துரைமார் முதலில் குடிக்கத் தண்ணீர் கேட்டார்கள். பிறகு கிணற்றுக்கு வேலி போட்டார்கள். வேலிக்குக் காவல் போட்டபோது கிணறு அவர்களுடையதாக இருந்தது. நீர்த்தேக்கம் வெட்ட எங்கெங்கோ இருந்து ஆட்களைக் கப்பலேற்றிக் கொண்டுவந்து மேட்டில் இறக்கினார்கள். வெட்டியவர்களுக்கு ஒரே ஒரு குழாய். அந்தக் காலத்துப் பொறியாளர் துரை எழுதிய அறிக்கையின் தமிழாக்கம் ஒன்று நூலகத்தில் இருந்தது. அதில் இவர் எழுத்துக்கூட்டிப் படித்து, படித்துவிட்டு அரை மணி நேரம் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்த வரி: 'மேட்டுக்கு ஒற்றை வால்வே அமைக்கப்பட்டுள்ளது. தேவை ஏற்படின் ஒரே ஆளால் மூடப்படக்கூடியது.'

"'தேவை ஏற்படின்'னு போட்டிருக்கான் பாரு தங்கச்சி. தண்ணி கொடுக்கிறப்பவே நிறுத்தறதை யோசிச்சு வெச்சிருக்கான்."

"அந்த வால்வு இன்னும் இருக்கா அண்ணே?"

"காலையில திறந்துட்டுத்தானே வர்றேன். கொடியை மாத்தினாங்க. வால்வை மாத்தலை."

துரைமார் போனார்கள். மேட்டு ஜனங்கள் வெளியிலிருந்து கொண்டுவரப்பட்டவர்கள், இந்த நாட்டுக்காரர்கள் இல்லை என்று புதிதாக ஆட்சிக்கு வந்தவர்கள் ஒரு சட்டம் போட்டார்கள். மேடு தெருவில் இறங்கியது. ஊரடங்கு. பாலத்தில் முள்வேலி. அப்போதுதான் அப்பாவுக்கு ஒரு காகிதம் வந்தது. அதை அவர் வாழ்நாள் முழுக்க வரி பிசகாமல் சொல்வார். 'மேட்டு வால்வு மூடப்பட வேண்டும்.' முத்திரை இருந்தது. கையெழுத்து இல்லை.

"யாருங்க மூடணும்?" என்று கேட்டிருக்கிறார் அப்பா.

"எழுதியிருக்குல்ல?" என்றாராம் கொண்டுவந்தவர்.

"மூடப்படணும்னுதான் எழுதியிருக்கு. யாருன்னு எழுதலையே."

"சாவி யார் கையில இருக்கு?"

சாவி அப்பா கையில்தான் இருந்தது. முப்பத்திரண்டு சுற்று. ஒன்பதாம் நாள் திறக்கச் சொல்லி இன்னொரு காகிதம் வந்தது. அன்றைக்குத் திறந்துவிட்டு வீட்டுக்கு வந்தவர், சாவியைச் சாக்கில் சுற்றிக் கட்டிலுக்கடியில் தள்ளிவிட்டு, நீர்த்தேக்கத்தில் விழுந்து தொலைந்துவிட்டது என்று அலுவலகத்தில் எழுதிக்கொடுத்தார். பொய்தான். அந்தச் சாவியை மறுபடி தொட அவருக்குக் கை வரவில்லை. இவர் வேலைக்குச் சேர்ந்த அன்று அப்பா சொன்னது ஒன்றே ஒன்று: "எந்த வால்வை மூடச் சொன்னாலும் மூடு. அந்த ஒண்ணை மூடச் சொன்னா மட்டும், யாருன்னு கேளு."

அந்தச் சாவி இன்னும் வீட்டில் இருக்கிறது. பின்கதவுக்குக் குறுக்குத்தாழாகப் பயன்படுகிறது. குறுக்குக் கம்பியில் துரைமார் காலத்து முத்திரையும் ஏழு என்ற எண்ணும் வார்ப்பிலேயே இருக்கின்றன. தினமும் கதவைத் திறந்து மூடித் திறந்து மூடி அந்த ஏழு வழவழப்பாகிவிட்டது.

நூலகர் அம்மாள் மேட்டில் பிறந்தவர். ரப்பரால் அழித்துக்கொண்டே ஒரு மாலை அதைச் சொன்னார். "அப்ப எனக்கு ஏழு வயசு. தம்பி கைக்குழந்தை. நாலாவது நாள் பள்ளத்துல தேங்கின தண்ணியை வடிகட்டிக் கொடுத்தாங்க அம்மா. ஆறாவது நாள் அவன் இல்லை." சொல்லிவிட்டுப் புத்தகத்தின் மேல் இருந்த ரப்பர் துகளை ஊதினார். "எங்கப்பாவும் உங்களை மாதிரி வால்வுக்காரர்தான் அண்ணே. மேட்டுலேர்ந்து அந்த வேலைக்குப் போன ஒரே ஆள். அந்த ஒன்பது நாளும் வீட்டுக்கு வரலை. நீர்த்தேக்கத்துலயே மாட்டிக்கிட்டேன்னார்."

இவர் அந்த அப்பாவை நன்றாக அறிந்தவர். அவர் ஓய்வு பெற்ற அன்று, அவருடைய சாவிதான் இவர் கைக்கு வந்தது. அதிலும் ஏழுதான். கையில் கொடுக்கும்போது அந்த மனிதர் மெதுவாகச் சொன்னார்: "இது புதுச் சாவிப்பா. பழசு எங்கேன்னு உங்கப்பாவைக் கேளு." சாகிற வரை யாரிடமும் சொல்லவில்லை போலிருக்கிறது. பெற்ற மகளிடம்கூட.

அன்று ஜன்னலோர மேசையில் இவருக்கு வாய் வரைக்கும் வந்தது. "தங்கச்சி" என்று ஆரம்பித்தார். "சொல்லுங்கண்ணே" என்றார் அந்த அம்மாள். "மணியாச்சு" என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டார்.

வீட்டில் மனைவி சொன்னார்: "சொல்லிட்டுத்தான் வாங்களேன். சொன்னா என்ன ஆயிடும்?"

"அண்ணேன்னு கூப்பிட மாட்டாங்க."

அந்த அம்மாள் அண்ணே என்று கூப்பிடுவதைக் கேட்பதற்காகவே இந்த மனிதர் பாதி நாள் நூலகத்துக்குப் போகிறார் என்பது மனைவிக்குத் தெரியும்.

போன மாதம் தடிமனாக ஒரு புத்தகம் வந்து சேர்ந்தது. அந்நியர் ஆட்சியும் அதற்குப் பிறகான மோதல்களும் என்று அட்டையிலேயே போட்டிருந்தது. எழுதியவர் ஒரு பேராசிரியர். நூலகர் அம்மாள் அதற்கு முத்திரை குத்தி, இலக்கம் ஒட்டி, தான்கூடத் திறந்து பார்க்காமல் இவருக்காக எடுத்து வைத்திருந்தார்.

"வாங்கண்ணே. இந்த ஆள் அலுவலகப் பதிவேடு வரைக்கும் போய்ப் பார்த்திருக்காராம். உங்க கேள்விக்கு இதுலதான் பதில் இருக்கணும். முதல் பென்சில் உங்களுது."

பென்சிலை நாக்கில் தொட்டுக்கொண்டார். விரல் நகர்ந்தது. இருநூற்றுச் சொச்சம் பக்கத்தில் நின்றது. இந்தப் புத்தகத்தில் 'பட்டது' தனியாக நிற்கவில்லை. முதல் முறையாக ஒரு 'ஆல்' வந்திருந்தது. 'மேட்டுக் குடியிருப்பையே சேர்ந்த வால்வுக்காரர் ஒருவரால் தண்ணீர் நிறுத்தப்பட்டது.'

அடிக்குறிப்பையும் படித்தார். வால்வு மூடிய நாளின் பதிவேட்டில் ஆள் பெயர் இல்லை, ஏழாம் எண் சாவி என்று மட்டும் இருக்கிறது. துரைமார் காலத்திலிருந்து தொழிலாளியின் பெயரை எழுதுவது வழக்கமில்லை, சாவியின் எண்ணைத்தான் எழுதுவார்கள். கிடைத்திருக்கிற பணியாளர் பட்டியலின்படி ஏழாம் எண் சாவி வைத்திருந்தவர் மேட்டுக்காரர். பட்டியலின் வருடத்தைப் பார்த்தார். கலவரத்துக்கு அடுத்த வருடம்.

ஒரு நொடியில் விளங்கிவிட்டது. அப்பா தொலைந்துபோனதாகச் சொன்ன சாவிக்குப் பதிலாக அலுவலகம் புதிதாக ஒன்று செய்தது. எண் காலியாக இருக்கக் கூடாதே, அதே ஏழைப் போட்டது. அதைத் தூக்கி மேட்டுக்காரரிடம், இந்த அம்மாளின் அப்பாவிடம், கொடுத்தது. அப்பாவின் பொய் கட்டிலுக்கடியில் கிடந்து, அரை நூற்றாண்டு கழித்து, இன்னொருவர் தலையில் போய் விழுந்திருக்கிறது.

பக்கத்தைத் திருப்பப் போனார். நூலகர் அம்மாளின் கை வந்து அதைத் தடுத்தது.

"கண்டுபிடிச்சிட்டீங்களா? காட்டுங்க."

குனிந்து படித்தார் அந்த அம்மாள். அடிக்குறிப்பையும் படித்தார். மறுபடியும் மேலே போய்ப் படித்தார். மின்விசிறி கடகடவென்று சுற்றிக்கொண்டிருந்தது.

"எங்கப்பா சாவியிலயும் ஏழுதான் அண்ணே" என்றார். "சின்னப் பிள்ளையில அதைத் தடவித் தடவி விளையாடியிருக்கேன்."

"இதைப் பெருசா எடுத்துக்காத தங்கச்சி. புத்தகந்தானே?"

"நீங்களா சொல்றீங்க?" என்றார் அந்த அம்மாள். அவ்வளவுதான். போய்த் தன் நாற்காலியில் உட்கார்ந்தார். "அதான் வீட்டுக்கு வரலை" என்று யாரிடமோ சொல்வது போலச் சொன்னார். அன்று ரப்பர் இழுப்பறையை விட்டு வெளியே வரவில்லை.

அடுத்த நாள் நூலகர் நாற்காலி காலியாக இருந்தது. அதற்கடுத்த நாளும். மூன்றாம் நாள் காலையில் மேட்டுக்குத் தண்ணீர் திறந்துவிட்டுக் காது வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தபோது, குடத்தோடு வந்த பெண் ஒருத்தி சொன்னாள்: "லைப்ரரி அக்கா வீட்டுல அவங்கப்பா படத்தைக் கழட்டி வெச்சிட்டாங்களாம். ஏன்னு கேட்டா பேச மாட்டேங்கிறாங்க."

வால்வுக்காரர் வீட்டுக்கு வந்தார். நேராகப் பின்கதவுக்குப் போய்க் குறுக்குத்தாழை உருவினார்.

"அதை எடுத்தா கதவை எப்படிச் சாத்தறது?" என்றார் மனைவி.

"இனிமே சாத்த வேண்டாம்."

மனைவி அவர் கையில் இருந்ததைப் பார்த்தார். முந்தானையால் அதில் ஒட்டியிருந்த ஒட்டடையைத் துடைத்துவிட்டார். "சட்டையை மாத்திக்கிட்டுப் போங்க" என்றார். "நாலு பேர் வர்ற இடம்."

சாயங்காலம் அவர் நூலகப் படியேறியபோது தோளில் இரண்டு சாவிகள் இருந்தன. காவலாளி எழுந்து நின்றுவிட்டார். "என்ன யாராலண்ணே, படிக்க வந்தீங்களா, தரையைத் தோண்ட வந்தீங்களா?" வழக்கமாக அவருக்கு ஒரு பதில் கிடைக்கும். அன்று கிடைக்கவில்லை. கிடைக்காததாலேயே காவலாளி வழிவிட்டார்.

நூலகர் அம்மாள் வேலைக்குத் திரும்பியிருந்தார். கண் இமைகள் வீங்கியிருந்தன. மேசையில் அந்தத் தடிமனான புத்தகம் மூடி இருந்தது. வால்வுக்காரர் இரண்டு சாவிகளையும் அதன் பக்கத்தில், சத்தம் வராமல், ஒன்றுக்குப் பக்கத்தில் ஒன்றாகப் படுக்க வைத்தார். எண்கள் மேலே தெரியும்படி திருப்பினார்.

"இது உங்கப்பாவோடது. இப்ப நான் வெச்சு வேலை பார்க்கிறது. ஏழுக்குப் பக்கத்துல வருஷம் அடிச்சிருக்கு பாருங்க."

அந்த அம்மாள் பார்த்தார். விரலை வைத்தும் பார்த்தார். சின்ன வயதில் தடவிய ஏழு, விரலுக்கு அதை அடையாளம் தெரிந்தது. பக்கத்தில் இருந்த வருடத்தை வாய்க்குள் சொல்லிக்கொண்டார். கலவரத்துக்கு அடுத்த வருடம். தம்பி போனதற்கு அடுத்த வருடம்.

"தண்ணியை மூடினப்ப இந்தச் சாவி பிறக்கவே இல்லை" என்றார் வால்வுக்காரர். "இன்னொண்ணுதான் பழசு. துரை முத்திரை போட்டது. தொலைஞ்சுபோச்சுன்னு எழுதிக்கொடுத்தது. தொலையலை. எங்க வீட்டுப் பின்கதவுல இருந்தது."

அந்த அம்மாள் பழைய சாவியைப் பார்த்தார். தொடவில்லை. ஜன்னலோர மேசையிலிருந்து தபால்காரர் பத்திரிகையை இறக்கிவிட்டு எட்டிப் பார்த்தார், பிறகு மரியாதையாகப் பத்திரிகையை உயர்த்திக்கொண்டார்.

"யாரால?" என்றார் நூலகர் அம்மாள்.

பன்னிரண்டு வருடமாக அந்த அறையில் அந்தக் கேள்வியைக் கேட்டது வால்வுக்காரர் ஒருவர்தான். வேறு யாரும் அவரைப் பார்த்துக் கேட்டதில்லை. பின்னால் ஒரு 'அண்ணே' வருமா என்று காது தானாகக் காத்திருந்தது. வரவில்லை.

"எங்கப்பாவால" என்றார்.

காகிதத்தைப் பற்றிச் சொன்னார். முத்திரை இருந்ததையும் கையெழுத்து இல்லாததையும் சொன்னார். "மூடப்பட வேண்டும்னுதான் எழுதியிருந்தது. எழுதினது யாருன்னு நானும் இந்த அலமாரி முழுக்கத் தேடிட்டேன், கிடைக்கலை. அதுக்காக எங்கப்பா கை இல்லைன்னு ஆயிடாது. முப்பத்திரண்டு சுற்று. ஒவ்வொரு சுற்றுக்கும் நிறுத்தியிருக்கலாம். உங்கப்பாவுக்கு இது தெரியும். தெரிஞ்சும் யார்கிட்டயும் சொல்லலை. அவரைச் சுவத்துலேர்ந்து இறக்காதீங்க."

நூலகர் அம்மாள் நாற்காலியை மேசைக்கு நெருக்கிப் போட்டார். புத்தகத்தைத் தன் பக்கம் இழுத்து, இருநூற்றுச் சொச்சம் பக்கத்தைப் பிரித்து, மடங்கிய ஓரத்தை உள்ளங்கையால் நீவி, அவர் பக்கமாகத் திருப்பி வைத்தார். அவர் சட்டைப் பையிலிருந்து பென்சிலை எடுத்து நாக்குக்குக் கொண்டுபோனார்.

"பென்சில் வேண்டாம்" என்றார் அந்த அம்மாள். "இது பதில். கைப் பழக்கத்துல அழிச்சிடுவேன்."

பொதுச் சொத்தில் பேனா படக் கூடாது என்று சுவரில் பலகை மாட்டியவர் அவர்தான். அந்தப் பலகைக்குக் கீழே உட்கார்ந்தபடி, தன் பேனாவின் மூடியைக் கழற்றி நீட்டினார்.

வால்வுக்காரர் உடனே வாங்கிக்கொள்ளவில்லை. வலது உள்ளங்கையைச் சட்டையில் துடைத்தார். ஒரு முறை. இன்னொரு முறை. மூன்றாவது முறையும் துடைத்துவிட்டுப் பேனாவை வாங்கினார்.